மாதாகோவிலுக்குள் மனுதர்மம்

"இந்துக் கோவிலை இவ்வளவு கண்டிக்கிறீர்களே, கிறிஸ்தவர் கோவிலைப் பற்றி ஏன் வாய் திறப்பதில்லை?" என்று சேலம், நாமக்கல் பக்கத்துத் தோழர்கள் நம்மைக் கேட்பதுண்டு. நியாயமான கேள்விதான். கடவுள் வியாபாரத்தில் உள்ளூர்க் கடை, சீமைக் கடை என்ற பேதம் நமக்குக் கிடையாது.

நாமக்கல் மலையைக் குடைந்து 8-ஆம் நூற்றாண்டில் அதியர் வமிசத்தார் செய்த கோவில்களைத் தோழர்கள் பார்த்திருப்பார்கள். மூலஸ்தானத்திற்குள் பட்டர், வெளியே நாம். மத்தியகால ஐரோப்பாவின் ஊர்க்கோவிலும் இப்படித்தான் இருந்தது. கிழக்குக் கோடியில் பீடம். அது பாதிரியின் இடம். மேற்கே ஜனங்கள் நிற்கும் கூடம். நடுவே சித்திர வேலை செய்த மரத்தடுப்பு அல்லது கல்தடுப்பு. அதன் மேல் சிலுவை. பூசையோ லத்தீனில், அதாவது குடியானவனுக்குப் புரியாத பாஷையில்! இங்கிலாந்தில் கூடத்தைப் பழுதுபார்க்கும் செலவு ஊராருடையது. அதுவும் போதாதென்று விளைச்சலில் பத்திலொரு பங்கு வேறு அழவேண்டும். கொடுத்தவன் வெளியே, வாங்கினவன் உள்ளே.

ஆனால் அந்நாட்டாருக்குச் சொரணை வந்தது. 16-ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்தில் அச்சிலுவைகளைக் கீழே இறக்கினார்கள். கத்தோலிக்கருக்குள்ளும் மாறுதல் உண்டாயிற்று. ஏசுசபையார் 1584-ல் ரோமாபுரியில் பிரதிஷ்டை செய்த தங்கள் தலைமைக் கோவிலில் அந்தத் தடுப்பையே வைக்கவில்லை. ஒரே கூடம், எல்லார் கண்ணுக்கும் பீடம் தெரியும்.

அதே சபையார் நம் நாட்டில் செய்ததென்ன? 1623-ல் சேந்தமங்கலத்திற்கும் சேலத்திற்கும் வந்த ராபர்ட் டி நொபிலி, காவியும் சந்தனமும் பூண்டு பார்ப்பன சந்நியாசி வேஷத்தில் வந்தார். பூணூல், குடுமி, சந்தனம் எல்லாம் இருக்கலாமென்று அதே வருஷத்தில் போப்பாண்டவரும் அனுமதி தந்துவிட்டார். பிற்பாடு கீழ்ஜாதியாருக்கென்று பண்டாரசாமிகள் தனியே ஏற்பட்டார்கள். மதம் மாறியது, ஜாதி மாறவில்லை.

இந்த விதை கட்டடமாகவே முளைத்ததைப் பார்க்க வேண்டுமானால் திருநெல்வேலிச் சீமை வடக்கன்குளத்திற்குப் போகவேண்டும். அங்கே 1872-ல் கட்டிய கோவிலுக்குக் கால்சட்டையின் இரண்டு கால்போல இரண்டு கூடங்கள். ஒன்று வேளாளருக்கு, மற்றது நாடாருக்கு. இடையில் சுவர். இரண்டும் சேரும் இடத்தில் பீடம். பாதிரியாருக்கு இரு கூட்டமும் தெரியும். ஒரு கூட்டத்தார் முகத்தை மற்றவர் பார்க்கவேண்டியதில்லை. ரோமில் தடுப்பில்லாமல் கட்டத் தெரிந்த சபைக்கு, இங்கே ஜாதிக்குச் சுவர் கட்ட எப்படி மனம் வந்தது?

1910-ல் கௌசானல் பாதிரியார் அச்சுவரை இடித்தார். அவருடைய கடவுளை நாம் ஒப்புக்கொள்ளாவிட்டாலும் இந்தக் காரியத்திற்கு அவரைப் பாராட்டுகிறோம். மேல்ஜாதிக் கிறிஸ்தவர்களோ சுவர் வேண்டுமென்று சென்னை ஹைகோர்ட்டு வரை போய்த் தோற்றார்கள்.

சுவர் இடிந்ததே ஒழிய புத்தி இடியவில்லை. விழுப்புரம் பக்கம் எறையூரில் ஆதிதிராவிடக் கிறிஸ்தவர்கள், அவமானம் பொறுக்கமாட்டாமல், தங்களுக்குத் தனிப் பங்கு வேண்டுமென்று கேட்டார்கள். அதையொட்டி மூண்ட கலகத்தில் 2008 மார்ச்சில் போலீசார் சுட்டு இருவர் மாண்டனர்.

"எங்கள் மதத்தில் ஜாதியில்லை" என்று நம்மிடம் வாதாட வரும் கிறிஸ்தவத் தோழர்கள், ஜாதி பார்க்கும் கோவிலுக்கு ஒரு காசும் காணிக்கை போடமாட்டோம் என்று தங்கள் பாதிரியாரிடம் முதலில் எழுதிக் கொடுத்துவிட்டு வரட்டும்.