கெடு விதிப்பது வரிசை மீறலா?

சொத்து வழக்கை விரைந்து முடிக்க உயர் நீதிமன்றம் கெடு விதித்தால், காத்திருக்கும் மற்றவர்கள் பின்னுக்குத் தள்ளப்படுவார்கள் என்ற வாதம் பாதிதான் சரி. 2024 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு, கெடுவை அசாதாரணச் சூழலுக்கு மட்டும் ஒதுக்கியது; அடியோடு விலக்கவில்லை. அரசமைப்பின் 227ஆவது பிரிவு உயர் நீதிமன்றத்துக்குத் தரும் மேற்பார்வை அதிகாரம் அப்படியே இருக்கிறது.

தாமதம் எப்போதும் வரிசையால் வருவதும் அல்ல. ஒரு தரப்புக்கு மூன்று வாய்தாவுக்கு மேல் கூடாது என்கிறது உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 17ஆவது கட்டளை. ஆனால் சொத்தைக் கைவசம் வைத்திருப்பவருக்கு ஒவ்வொரு வாய்தாவும் லாபம். பாகப்பிரிவினையில் முதல்நிலைத் தீர்ப்பாணை கிடைத்தும், இறுதித் தீர்ப்பாணை வருவதற்குள் வழக்காடியவரே இறந்து, வாரிசுகளைச் சேர்க்க மனுப் போட வேண்டியிருக்கிறது. எவ்வளவு பெரிய அநீதி! தீர்ப்பை நிறைவேற்றும் கட்டத்துக்கு உச்ச நீதிமன்றமே 2021இல் ஆறு மாத வரம்பு வைத்தது. வேண்டுமென்றே இழுத்தடிக்கப்படும் வழக்கில் உயர் நீதிமன்றம் கெடு விதித்தே ஆக வேண்டும்.