கழுத்துக்கு ஒரு எண்

ஆம்பூர், வாணியம்பாடி ஷூ கம்பெனிகளில் 'அப்பர்' தைப்பவர்களில் பெரும்பாலோர் பெண்கள். எட்டு மணி நேரம் குனிந்த தலை நிமிராமல் மெஷினோடு மல்லுக்கட்டு. கழுத்து என்ன இரும்பா?

வலி என்று டாக்டரிடம் போனால், உலக சுகாதார நிறுவனத்தின் ஐ.சி.டி-10 பட்டியலில் அதற்கு எண் இருக்கிறது. எம் 54.2 என்றால் வெறும் கழுத்துவலி. எலும்பு தேய்ந்திருந்தால் எம் 47. டிஸ்க் பிதுங்கியிருந்தால் எம் 50. எங்கே கோளாறு என்று சொல்லும். எந்த வேலையால் என்று சொல்லாது. 'வயசாச்சும்மா, தலையணையை மாத்துங்க' என்று அனுப்பிவிடலாம். முப்பத்திரண்டு வயசுக்கு!

பட்டியல் போட்டவர்கள் முட்டாள்கள் அல்ல. வேலையால் வந்தது என்று கூடவே குறிக்க ஒய் 96 என்று தனி எண்ணே வைத்திருக்கிறார்கள். (அமெரிக்கப் பதிப்பில் வாத்து இடித்தால்கூட எண் உண்டு.) அதை எழுத அரை நிமிஷம் ஆகுமா? எழுதினால், ஒரே கம்பெனியிலிருந்து எத்தனை கழுத்து என்று யாராவது எண்ண ஆரம்பித்துவிடுவார்கள். அப்புறம் ஸ்டூல் உயரம் பற்றிக் கேள்வி வரும். அதுதானே பயம்?

1948 இ.எஸ்.ஐ. சட்டத்தின் தொழில்நோய் அட்டவணையில், தோல் பதனிடும் குரோமியத்தால் வரும் நோய்க்கு இடம் கிடைத்தது. குனிந்த கழுத்துக்குக் கிடைக்கவில்லை. கணக்கே இல்லாத வலியை யார் சேர்ப்பார்கள்?

இ.எஸ்.ஐ. டாக்டர்கள் நாளைக்கே சீட்டில் ஒய் 96 எழுதட்டும். பக்கத்திலேயே, மெஷினில் எத்தனை வருஷம் என்பதையும்.