பென்ஷன் பிச்சையல்ல, பாக்கிக் கூலி!

"சர்க்கார் ஆபீஸில் முப்பது வருஷம் பேனா பிடித்தவருக்குப் பென்ஷன் தாமதமானால் நமக்கென்ன? தறி ஓட்டுகிறவனுக்கும் நாற்று நடுகிறவளுக்கும் அதில் என்ன சம்பந்தம்?" என்று சில தோழர்கள் கேட்கிறார்கள். கேள்வி நியாயமானது. பதில் சொல்வது நம் கடமை.

ஒரு வழக்கைப் பாருங்கள். மேற்கு வங்க சர்க்காரின் தடய அறிவியல் ஆய்வுக்கூடத்தில் வேலை பார்த்த ஒரு விஞ்ஞானிக்கு உத்தியோக உயர்வு வர வேண்டியிருந்தது. சர்வீஸ் கமிஷன் 2016 டிசம்பர் 29ல் அவர் பெயரைச் சிபாரிசு செய்தது. டிசம்பர் 31ல் அவர் ஓய்வு பெற்றார். சர்க்காரின் இறுதி அனுமதி வந்தது எப்போது? 2017 ஜனவரி 4ல்! நாலே நாள், உயர்வு கைநழுவிப் போயிற்று.

டிரிப்யூனலும் ஹைகோர்ட்டும் அவர் பக்கம் நின்றன. ஆனால் 2024 நவம்பரில் சுப்ரீம் கோர்ட் அதை மாற்றிவிட்டது. உயர்வுக்குப் பரிசீலிக்கப்படுவதுதான் உரிமை, உயர்வே உரிமையல்ல; புதிய பதவியை ஏற்காதவருக்கு முன்தேதியிட்டுப் பலன் கொடுக்க விதியில் இடமில்லை என்றது.

இது வெறும் கௌரவப் பிரச்னையா? இல்லை, வயிற்றுப் பிரச்னை. கடைசிச் சம்பளத்தில் பாதி என்பதே பழைய பென்ஷனின் கணக்கு. உயர்வு தவறினால் சம்பளம் குறைவு. சம்பளம் குறைந்தால் சாகும்வரை பென்ஷன் குறைவு. அவர் போனபின் மனைவிக்கு வரும் குடும்பப் பென்ஷனும் குறைவு. கோப்பு தூங்கியது மேஜையில், தண்டனையோ வீட்டுக்கு!

ஊழியர்கள் கோர்ட்டில் போராடி வென்றதும் உண்டு. 1979 மார்ச் 31க்கு முன் ஓய்வுபெற்றவர்களுக்குப் புதிய பென்ஷன் கணக்கு கிடையாது என்று மத்திய சர்க்கார் கோடு கிழித்தது. நகரா வழக்கில் 1982 டிசம்பர் 17ல் சுப்ரீம் கோர்ட் அந்தக் கோட்டை அழித்தது. பென்ஷன் எஜமானர் தயவில் தரும் தானமல்ல, செய்த வேலைக்கான கூலி என்றது. அந்த நாளைத்தான் பென்ஷனர் தினமாகக் கொண்டாடுகிறார்கள்.

கேரளத்தில் ஒருவருக்குக் கடைசிச் சம்பளச் சான்றிதழ் தராமல் இழுத்தடித்து, கிராஜுவிட்டியை இரண்டு வருஷத்துக்கு மேல் முடக்கினார்கள். ஓய்வுபெற்று 2 மாதம் கழிந்தால் சர்க்கார் வட்டியுடன் கொடுக்க வேண்டும் என்று 1984ல் சுப்ரீம் கோர்ட் சொன்னது. வேலை செய்யத் தயாராயிருந்தவரை, அவர் குற்றமின்றி அதிகாரிகளே தள்ளிவைத்திருந்தால், 'வேலையில்லை, கூலியில்லை' என்று கைவிரிக்கக் கூடாது என்றும் 1991ல் ஜானகிராமன் வழக்கில் தீர்ப்பு வந்தது.

இப்போது நம் விஷயத்துக்கு வருவோம். மில் தொழிலாளியின் கிராஜுவிட்டி என்ன? அதுவும் பிடித்துவைத்த கூலியே. அதைக் கொடு என்று 1972ல் சட்டம் வந்தது. பி.எப். பென்ஷனுக்குக் குறைந்தபட்சம் 1000 ரூபாய் என்று 2014ல்தான் நிர்ணயித்தார்கள். விவசாயத் தொழிலாளிக்கோ முதலாளி தரும் பென்ஷனே கிடையாது. முதியோர் உதவித்தொகைக்கு அலைய வேண்டும். சர்க்காரே தன் ஊழியரின் பாக்கியை ஏப்பம்விட்டால், மில் முதலாளியும் மிராசுதாரும் சும்மா இருப்பார்களா? "பென்ஷன் கூலியே" என்ற கொள்கை அங்கே நின்றால்தான் இங்கேயும் நிற்கும்.

கோர்ட் விதியைப் பார்த்துத் தீர்ப்புச் சொல்கிறது. விதியை எழுதுவது யார்? சர்க்கார்! ஆகவே விதியை மாற்று என்று கேட்போம்.

தாமதம் ஊழியர் குற்றமல்ல என்றால், உயர்வு வந்திருக்க வேண்டிய நாளிலிருந்து கணக்கிட்டுப் பென்ஷனை நிர்ணயிக்க வேண்டும். தாமதமான ஒவ்வொரு மாதத்துக்கும் வட்டி தர வேண்டும். ஓய்வு நாள் நெருங்குகிறவர்களின் கோப்புகளை முதலில் முடிக்க வேண்டும்.

கிழவர்களைத் தனித்தனியே கோர்ட் படியேற விடலாமா? கூடாது. அவர்கள் மனுவோடு நம் சங்கங்களின் குரலும் சேரட்டும். அவர்கள் கேட்பது தர்மமல்ல. நாம் கேட்பதும் தர்மமல்ல. உழைத்த கூலி!