பொன்னா கேட்ட பேச்சு

சமையல், பிள்ளைகள், துணி துவைப்பு என்று ஓடுகிற நமக்கு நாவல் படிக்க நேரமேது என்கிறீர்களா, சகோதரிகளே? மத்தியானம் வேலை ஓய்ந்ததும் அரை மணி ஒதுக்குங்கள். இம்முறை நம் பக்கத்து எழுத்தாளர் ஒருவரைப் பற்றிச் சொல்கிறேன்.

பெருமாள்முருகன் 1966-ல் திருச்செங்கோட்டுப் பக்கம் ஒரு விவசாயக் குடும்பத்தில் பிறந்தவர். தகப்பனார் சினிமாக் கொட்டகையில் சோடாக் கடை வைத்திருந்தார். மகன் தமிழ் படித்து, நாமக்கல் அரசு கல்லூரியில் பேராசிரியராக வேலை பார்த்தார். முதல் நாவல் 'ஏறுவெயில்' 1991-ல் வந்தது. ஆடு மேய்க்கும் சிறுவர்களை 'கூளமாதாரி'யிலும், கொட்டகையில் சோடா விற்கும் பையன்களை 'நிழல்முற்ற'த்திலும் எழுதினார். படித்தால் நம் மேட்டுக்காட்டுப் பேச்சு அப்படியே காதில் விழும்.

ஆனால் பெண்களாகிய நாம் அவசியம் படிக்க வேண்டியது, 2010-ல் வந்த 'மாதொருபாகன்'. காளியும் பொன்னாவும் ஒருவர்மேல் ஒருவர் உயிராக இருப்பவர்கள். கல்யாணமாகிப் பன்னிரண்டு வருஷம் ஆகியும் மடியில் பிள்ளை இல்லை. வேண்டாத சாமியில்லை, செய்யாத பரிகாரமில்லை. ஊரார் வாய்க்கு அவள்தான் அவல். காளியை இன்னொரு கல்யாணம் செய்துகொள்ளச் சொல்கிறார்கள். அவனுக்கு மனம் ஒப்பவில்லை. பொன்னாவின் வேதனையைப் படிக்கும்போது எனக்குப் பல இடங்களில் புத்தகத்தை மூடி வைக்க வேண்டியிருந்தது.

கதையில் வரும் ஒரு பழைய கோயில் வழக்கத்துக்காக 2014 கடைசியில் பெரும் எதிர்ப்பு கிளம்பியது. 2015 ஜனவரியில், தன்னுள் இருந்த எழுத்தாளன் செத்துவிட்டான் என்று அறிவித்துப் பேனாவை மூடினார். 2016 ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றம் அவர் பக்கம் தீர்ப்புச் சொன்னது. மறுபடி எழுத வந்தார். 'பூனாச்சி' என்ற ஆட்டுக்குட்டியின் கதை அப்படிக் கிடைத்ததுதான். 2023-ல் 'பூக்குழி'யின் ஆங்கில மொழிபெயர்ப்பு சர்வதேச புக்கர் பரிசின் நெடும்பட்டியலில் இடம்பெற்றது. அதே வருஷம் 'ஆளண்டாப்பட்சி'க்கு ஜேசிபி இலக்கியப் பரிசு கிடைத்தது.

பொன்னா வாழ்ந்தது வெள்ளைக்காரன் காலம். இன்றைக்கும் கல்யாண வீட்டுப் பந்தியில், "என்ன அம்மிணி, விசேஷம் ஒண்ணும் இல்லீங்களா?" என்று நாலு பேர் எதிரில் கேட்கிறோமே, நியாயமா? குழந்தை தங்காததற்குக் காரணம் பெண்ணிடம்தான் இருக்கும் என்பது தப்பு. ஏறக்குறைய பாதித் தம்பதிகளிடம் ஆணின் குறையும் சேர்ந்தே இருக்கிறது. ஒரு வருஷம் சேர்ந்து வாழ்ந்தும் கரு தரிக்காவிட்டால் இருவரும் டாக்டரிடம் போக வேண்டும். பெண்ணுக்கு வயது முப்பத்தைந்து தாண்டியிருந்தால் ஆறு மாதமே போதும். கணவருக்கு விந்துப் பரிசோதனை சுலபமானது. அதை முதலிலேயே செய்துவிட்டால் பெண்ணுக்கு வீண் அலைச்சலும் வலியும் மிச்சம்.

மாமியார்மார்களே, மருமகளை மட்டும் ஆஸ்பத்திரிக்கு அனுப்பாதீர்கள்; மகனையும் கூட அனுப்புங்கள். வாசலில் ஒரு பொன்னா வந்து நின்றால், எதையும் கேட்காமல் உட்காரச் சொல்லி ஒரு வாய் காப்பி கொடுங்கள். அது போதும்.