ஆட்டம் என்னுது, பூட்டு மட்டும் உன்னுதா?

ரொம்ப நாளா இந்தப் பக்கம் எட்டிப் பார்க்கல. ஆணி கொஞ்சம் அதிகம். இன்னைக்கு வந்திருக்கறதும் சந்தோஷமா இல்லை, கடுப்போடதான். பதிவு நீளமாப் போகும், பொறுத்துக்கோங்க மக்களே.

விஷயம் வீடியோ கேம். "நாப்பது வயசுல இது தேவையா"ன்னு கேக்கறவங்க ரெண்டு பத்தி மட்டும் படிச்சுட்டுப் போங்க.

எங்க வீட்டுல ஒரு கேம் பெட்டி இருந்துச்சு. சிங்கப்பூர்ல இருக்கற மச்சான் கொண்டுவந்து கொடுத்தது. கம்பெனி பேர் வேண்டாம். அதுல என் பையனும் மச்சான் மகளும் சேர்ந்து ஸ்டார்டியூ வேலின்னு ஒரு கேம் ஆடுவாங்க. 2016ல எரிக் பரோன்னு ஒரே ஒரு ஆள் உட்கார்ந்து செஞ்ச கேம். தாத்தா விட்டுட்டுப் போன பண்ணைக்கு வந்து உழுது, விதைச்சு, மாடு கோழி வளர்க்கணும். துப்பாக்கிச் சத்தம் கிடையாது. அந்தப் பொண்ணுக்கு ஜூன் லீவு விட்டா காரைக்குடிக்கு வந்துடுவா. 2023, 24, 25ன்னு மூணு லீவு. திரையை ரெண்டாப் பிரிச்சு, ஆளுக்குப் பாதி. பண்ணைக்குப் பேர் ஆத்தங்குடி. மாட்டுக்குப் பேர் லெச்சுமி. எங்க ஆத்தா பின்னாடி நாற்காலியில உட்கார்ந்து "மாட்டுக்குத் தண்ணி காட்டினியாடா"ன்னு கேப்பாங்க. "அப்பத்தா, இதுல தண்ணி காட்ட வேண்டாம், தீவனம் போட்டாப் போதும்"பான் பையன். "தண்ணி குடிக்காத மாடு என்ன மாடு"ன்னு ஆத்தா முணுமுணுத்துக்கிட்டே மறுநாளும் அதையே கேப்பாங்க.

2025 தீபாவளிக்குப் புதுப் பெட்டி வந்துச்சு. பழசுல இருந்து புதுசுக்கு மாத்தறதுக்கு ரெண்டு பெட்டியையும் ஓட விட்டு, பக்கத்துல பக்கத்துல வெச்சு, ஒரே வைஃபைல கோத்துவிடணும். ஞாயித்துக்கிழமை பார்த்துக்கலாம்டான்னு நான்தான் சொன்னேன். சோம்பேறித்தனம், ஒத்துக்கறேன். வியாழக்கிழமை சாயங்காலம் ஐப்பசி இடி ஒண்ணு இறங்குச்சு பாருங்க, மோடம், டிவி, பழைய பெட்டி மூணும் ஒரே நேரத்துல காலி.

ரிப்பேர் பண்றவர் பிரிச்சுப் பார்த்துட்டு ஒரு விஷயம் சொன்னாரு. அதுதான் இந்தப் பதிவுக்கே காரணம். "போர்டுதான் சார் போச்சு. ஸ்டோரேஜ் நல்லாத்தான் இருக்கு. உங்க கேமெல்லாம் உள்ளதான் இருக்கு. ஆனா எடுக்க முடியாது." ஏன்னா அதுக்குப் பூட்டு போட்டிருக்கு. செத்துப்போன அந்த ஒரே ஒரு போர்டுதான் சாவி.

ஆன்லைன்ல ஒரு நகல் வெச்சிருக்கலாமேன்னு கேப்பீங்க. அதுக்குச் சந்தா கட்டணும். கணக்கு சிங்கப்பூர்ல திறந்தது, என் பாங்க் கார்டை எடுத்துக்கல. போகட்டும்னு விட்டுட்டேன். அந்தப் பொண்ணு ஜூன்லயே கேட்டா, "மாமா, இதை ஒரு காப்பி எடுத்து எங்க வீட்டுப் பெட்டியில போட்டுக்கலாமா?" அவ வீட்டுலயும் அதே பெட்டி, அதே கேம். ஆனா சேவ் ஃபைல் இங்க உள்ள கணக்கோட கட்டிப்போட்டது. முடியலை. பாதிப் பண்ணை அவ உழுதது.

இனி கேம் பத்தி அக்கறை இல்லாதவங்க போகலாம். மத்தவங்க கொசுவத்திச் சுருளைக் கொஞ்சம் பின்னால சுத்துங்க.

2006 வாக்குல செக்காலைப் பக்கம் ஒரு கடை. நாலு டிவி, நாலு பிளேஸ்டேஷன் 2, மணிக்கு 20 ரூபாய். சான் ஆண்ட்ரியாஸ் ஆடறதுக்கு வரிசையில நிப்போம். எனக்குன்னு சொந்தமா மெஷின் வாங்க வக்கில்லை. ஆனா சொந்தமா ஒரு மெமரி கார்டு இருந்துச்சு. 8 எம்பி. தீப்பெட்டி சைஸ். சட்டைப் பையில போட்டுட்டுப் போவேன், மெஷின்ல சொருகுவேன், விட்ட இடத்துல இருந்து ஆடுவேன், உருவிட்டு வருவேன். மதுரையில பெரியம்மா வீட்டுக்குப் போனாலும் அங்க உள்ள கடையில அதே கார்டு, அதே ஆட்டம். மெஷின் கடைக்காரருடையது. ஆட்டம் என்னுது. இந்த வித்தியாசம் அன்னைக்கு யாருக்கும் சொல்லித்தர வேண்டியிருக்கல.

இப்ப கணக்குப் போட்டுப் பாருங்க. 1994ல வந்த முதல் பிளேஸ்டேஷன்ல 128 கேபி கார்டு, கையில எடுத்துக்கலாம். 2000ல பிஎஸ்2, கையில எடுத்துக்கலாம். 2006ல பிஎஸ்3, பென் டிரைவ்ல எடுத்துக்கலாம். பழைய கார்டுல இருக்கறதை உள்ள இழுக்கத் தனியா ஒரு அடாப்டர் கூட வித்தாங்க. 2013ல பிஎஸ்4, அப்பவும் பென் டிரைவ். 2020ல பிஎஸ்5 வருது. நம்ம நாட்டுக்கு 2021 பிப்ரவரி 2ம் தேதி, 49,990 ரூபாய்க்கு. அதுல பிஎஸ்5 கேமோட சேவ் ஃபைலைத் தனியா எடுத்துப் பென் டிரைவ்ல போட வழியே கிடையாது! சந்தா கட்டி ஆன்லைன்ல ஏத்து, இல்லைன்னா மொத்தப் பெட்டியையும் பேக்கப் எடு. இருபத்தாறு வருஷத்துல இது முன்னேற்றமா, பின்னேற்றமா?

நிண்டெண்டோவும் லேசுப்பட்ட ஆளில்லை. ஸ்விட்ச்ல கேமை மெமரி கார்டுல வெச்சுக்கலாம், சேவை வைக்க முடியாது, அது மெஷினுக்குள்ளதான். ஆன்லைன் நகலுக்குச் சந்தா. சந்தா கட்டினாலும் சில கேமுக்கு அந்த வசதி கிடையாதுன்னு விட்டுட்டாங்க. 2020 மார்ச்ல, உலகமே ஊரடங்குல கிடந்தப்ப, அனிமல் கிராஸிங் வந்துச்சு. வீட்டுக்குள்ள அடைஞ்சு கிடந்த சனம் ஆளுக்கொரு தீவு கட்டுச்சு. அந்தத் தீவை வேற மெஷினுக்கு மாத்தற வசதி எப்ப வந்துச்சு தெரியுமா? அந்த வருஷம் நவம்பர்ல. எட்டு மாசம் மெஷின்தான் தீவு, தீவுதான் மெஷின்.

நியாயமாப் பேசணும்னா எக்ஸ்பாக்ஸ்காரங்களைப் பாராட்டணும். எக்ஸ்பாக்ஸ் ஒன்ல இருந்து சேவ் ஃபைல் தானா ஆன்லைன்ல ஏறுது, அதுக்குத் தனிச் சந்தா கிடையாது. புதுப் பெட்டியில போய் லாகின் பண்ணா ஆட்டம் காத்துக்கிட்டு இருக்கும். அதுலயும் ஃபைல் என் கையில இல்லைங்கறது வேற கதை. இருந்தாலும் ஒருத்தர் இலவசமாச் செய்யறதை மத்தவங்க மாச வாடகைக்கு விடறாங்கன்னா, செலவு தாங்கலைங்கற கதையை நான் நம்பத் தயாரா இல்லை.

தொழில்நுட்பக் காரணம் இருக்கும்பா, உனக்குப் புரியாதுன்னு ஒரு நண்பர் போன்ல சொன்னார். அவருக்காக ஒரு சம்பவம். ஸ்பைடர்மேன் கேம் 2018ல பிஎஸ்4க்கு வந்துச்சு. 2020ல அதையே பிஎஸ்5க்கு மெருகேத்தி விட்டாங்க. பழைய சேவை இதுக்குக் கொண்டுவர முடியாதுன்னு முதல்ல சொன்னாங்க, செஞ்ச இன்சோம்னியாக் கம்பெனியே. ஆடறவங்க சும்மா விடலை, கத்தித் தீர்த்துட்டாங்க. நவம்பர்லயே அப்டேட் வந்துச்சு, சேவ் மாறுச்சு. சில வாரம்தான். "முடியாது"ங்கறது "முடியும்" ஆகறதுக்கு நடுவுல எந்த விஞ்ஞானியும் வந்து புதுசா எதையும் கண்டுபிடிக்கலை.

இன்னொரு சாக்கு, ஃபைலைக் கையில கொடுத்தா ஏமாத்துவாங்களாம். காசு, ஆயுதம் எல்லாம் கூட்டிப் போட்டுக்குவாங்களாம். போட்டுக்கட்டுமே? தனியா உட்கார்ந்து ஆடற ஆட்டத்துல என்னை நானே ஏமாத்திக்கிட்டா ஊருக்கு என்ன நட்டம்? பத்துப் பேரோட ஆன்லைன்ல மோதற ஆட்டத்தோட கணக்கை அவங்க சர்வர்ல வெச்சுக்கட்டும், அதுல எனக்குச் சண்டை இல்லை. கம்ப்யூட்டர்ல பெரும்பாலான தனியாள் கேமோட சேவ் சாதாரண ஃபைலா ஏதோ ஒரு போல்டர்லதான் கிடக்கு. ரைட் கிளிக், காப்பி, பேஸ்ட். அங்க எந்தக் கம்பெனியும் இதனால இழுத்து மூடலை. அதே ஸ்டார்டியூ வேலியைப் பசங்க கம்ப்யூட்டர்ல ஆடியிருந்தா, ஆத்தங்குடிப் பண்ணை இன்னைக்கு மெயில்ல சிங்கப்பூர் போயிருக்கும்.

நமக்கு, அதாவது தமிழ்ல பதிவு எழுதற கூட்டத்துக்கு, இந்த வலி புதுசா என்ன? டிஸ்கில அடிச்சு வெச்சதை யுனிகோடுக்கு மாத்த எத்தனை ராத்திரி முழிச்சோம். ஆளாளுக்கு ஒரு எழுத்துருன்னு கிடந்த காலத்துல யாரோ ஒரு புண்ணியவான் எழுதி இலவசமாக் கொடுத்த மாற்றியில வெட்டி ஒட்டி, ஒட்டி வெட்டி. 2009 அக்டோபர்ல ஜியோசிட்டீஸை யாகூ மூடினப்ப எத்தனை பேரோட பக்கம் காத்துல போச்சு. இருந்தும் எழுத்து கைக்கு எட்டற இடத்துல இருந்த வரைக்கும் எடுத்துட்டு ஓட முடிஞ்சுச்சு. பிளாக்கர்ல இன்னைக்கும் மொத்தப் பதிவையும் பின்னூட்டத்தோட இறக்கிக்க முடியுது. என் மொக்கைப் பதிவுக்குக் கிடைச்ச மரியாதை ரெண்டு பிள்ளைங்களோட மூணு வருஷத்துக்கு ஏன் இல்லை?

எங்க ஊர்ப் பக்கமே ஒரு ஆள் உண்டு. கோட்டையூர் ரோஜா முத்தையா. பெயர்ப்பலகை எழுதற ஓவியர். பழைய புத்தகம், நாடக நோட்டீஸ், கல்யாணப் பத்திரிகைன்னு கண்ணுல பட்டதையெல்லாம் சேர்த்தார். சுமார் ஒரு லட்சம் உருப்படி. 1992ல அவர் காலமானாரு. சிகாகோ பல்கலைக்கழகம் அந்தச் சேகரிப்பை வாங்குச்சு. 1994ல சென்னையில அவர் பேர்லயே நூலகம் வந்துச்சு, மைக்ரோஃபிலிம் எடுத்தாங்க. இன்னைக்குத் தமிழ்ல ஆராய்ச்சி பண்றவங்க பலரும் அந்த வாசப்படி ஏறினவங்கதான். கோட்டையூர் வீட்டு அலமாரியில இருந்து சென்னை அலமாரிக்கு மாத்த அவங்க எந்தப் பதிப்பகத்துக்கிட்டயும் சாவி கேக்க வேண்டியிருக்கல. நாடகக் கம்பெனி கலைஞ்சு போனா நோட்டீஸ் தானா வெள்ளைத்தாளா மாறிடல.

காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவுக்கு வந்து பாருங்க. பழைய சாமான் கடை வரிசையா இருக்கு. பர்மாவுக்கும் மலேயாவுக்கும் போய் வந்த பெட்டி, பீங்கான் சாடி, எனாமல் தூக்கு. செஞ்ச கம்பெனி இருக்கோ இல்லையோ, அந்தத் தூக்குல சோறு போட்டா இன்னைக்கும் நிக்கும். 49,990 ரூபாய்ப் பெட்டியை அந்தக் கடைகள்ல ஒரு நாள் வெச்சா அது வெறும் பிளாஸ்டிக். விக்கறவருக்கும் உபயோகம் இல்லை, வாங்கறவருக்கும் இல்லை.

சட்டம்னு பார்த்தா அதுலயும் நம்ம தலையெழுத்து விசித்திரம். 2011 ஜனவரி 20ல இருந்து நாடு முழுக்க செல்போன் நம்பரை மாத்தாமலே கம்பெனி மாறலாம்னு ஆச்சு. கம்பெனிக்காரங்க முணுமுணுத்தாங்க, ஆனா வந்துச்சு. நம்பர் என்னுதுன்னு அரசாங்கமே ஒத்துக்கிச்சு. தகவல் பாதுகாப்புச் சட்டத்துக்கு 2019ல கொண்டுவந்த மசோதாவுல, நம்ம தகவலை நாம வாங்கி வேற இடத்துக்குக் கொண்டுபோற உரிமையும் எழுதியிருந்துச்சு. 2023ல நிறைவேறின சட்டத்துல அந்தப் பிரிவைக் காணோம். ஐரோப்பாவுல 2018 மே மாசத்துல இருந்து அப்படி ஒரு உரிமை நடைமுறையில இருக்கு. கேம் சேவ் அதுக்குள்ள வருமா வராதான்னு வக்கீலுங்க சண்டை போட்டுக்கட்டும். நமக்குச் சண்டை போடக்கூட ஒரு பிரிவு இல்லை.

நான் கேக்கறது ஒண்ணும் நிலாவைப் பிடிச்சுத் தரச் சொல்லலை. தனியாள் ஆட்டத்தோட சேவ் ஃபைலை ஒரு பென் டிரைவ்ல எடுத்துக்க விடு. சந்தா கேக்காதே. பழைய பெட்டி செத்தாலும் புதுப் பெட்டியில அதே ஆள் லாகின் பண்ணா திறக்கற மாதிரி வை. சேர்ந்து ஆடினவங்க ஆளுக்கொரு நகல் வெச்சுக்க விடு. அவ்வளவுதான். 2000ல தீப்பெட்டி சைஸ் கார்டு இதுல பாதிக்கு மேல செஞ்சுச்சு.

பசங்க புதுப் பெட்டியில புதுப் பண்ணை ஆரம்பிச்சாச்சு. டிசம்பர் லீவுக்கு வந்தப்ப அவதான் பேர் அடிச்சா. ஆத்தங்குடியே வைக்கலாமேன்னு சொன்னேன். "வேண்டாம் மாமா, அது வேற"ன்னுட்டு கண்டனூர்னு வெச்சா. ஆத்தா வழக்கம்போலப் பின்னாடி உட்கார்ந்து "லெச்சுமி எங்கடா"ன்னாங்க. பையன் திரும்பிப் பார்க்காம "ஊருக்குப் போயிருக்கு அப்பத்தா"ன்னான்.

டிஸ்கி: பழைய பெட்டி அலமாரியில துணி சுத்திப் பத்திரமா இருக்கு. அதே மாடல் போர்டை மாத்தி உள்ள இருக்கறதை யாராவது வெளிய எடுத்திருந்தீங்கன்னா பின்னூட்டத்துல சொல்லுங்க. "பிள்ளைங்களைப் படிக்கச் சொல்லு"ன்னு மட்டும் எழுதிடாதீங்க, அதை வீட்டுலயே சொல்லியாச்சு :-)