சுந்தரி வேடம் மட்டும்தானா?



மலருக்கு ஏதாவது எழுதிக் கொடு என்று யூனியன் செயலாளர் அண்ணன் கேட்டபோது, "கவிதையா, கட்டுரையா?" என்றேன். "கவிதை நிறைய வந்து கிடக்கும்மா, தயவுசெய்து கட்டுரை" என்றார். நீங்கள் தப்பித்தீர்கள்!

நான் எலக்ட்ரானிக்ஸ் இரண்டாம் ஆண்டு. எங்கள் வீட்டில் காலேஜ் வாசலை மிதித்த முதல் ஆள். அப்பா மீன்பாடி வண்டி ஓட்டுகிறார். அம்மா மந்தைவெளியில் நாலு வீட்டில் வேலை செய்கிறார். மயிலாப்பூர் முண்டகக்கண்ணியம்மன் கோயில் பக்கம் எங்கள் வீடு. ஒரே ரூம். அதில் ஒரு மூலை டிவிக்கு. அரசாங்கம் கொடுத்த இலவச கலர் டிவி அது. அதற்கும் எனக்கும் ஏறக்குறைய ஒரே வயசு. இரண்டு பேரும் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறோம்.

அந்த டிவியில்தான் நான் எட்டாவது படிக்கும்போது, 2021இல், சன் டிவியில் 'சுந்தரி' ஆரம்பித்தது. கதாநாயகி கேப்ரியல்லா செல்லஸ். கிராமத்துப் பெண், கலெக்டராக ஆசைப்படுகிறாள், நிறத்தைக் காட்டி புருஷன் ஒதுக்குகிறான், தெரியாமல் இன்னொரு கல்யாணமும் செய்துகொள்கிறான். சீரியல் கதைதான், தெரிந்ததுதான். ஆனால் முதல் நாள் அம்மா பாத்திரம் தேய்ப்பதை நிறுத்திவிட்டு வந்து, "ஏய், இந்தப் பொண்ணு நம்ம அக்கா மாதிரியே இருக்காடி!" என்றார். எத்தனையோ வருஷமாக சீரியல் பார்க்கிறவர் அம்மா. ஒரு கதாநாயகியைப் பார்த்து அவர் அப்படிச் சொல்லி நான் கேட்டது அன்றுதான்.

அந்த அக்காவைப் பற்றிச் சொல்ல வேண்டும். பத்தாவதோடு நின்றவள். என்னைவிட நன்றாகப் பேசுவாள். தி.நகரில் ஒரு பெரிய கடையில் புடவை செக்‌ஷனுக்கு ஆள் எடுக்கிறார்கள் என்று போனாள். ஆள் எடுத்தவர் மேலும் கீழும் பார்த்தார். கேள்வியே கேட்கவில்லை. "நீ பேக்கிங்குக்குப் போ" என்றார். ஏன் என்று அவரும் சொல்லவில்லை, இவளும் கேட்கவில்லை. அவளோடு வந்த சிவப்பான பெண் கவுன்டரில் நின்றாள். அக்கா இன்றைக்கும் பேக்கிங்கில்தான் இருக்கிறாள். அன்று ராத்திரி வீட்டுக்கு வரும்போது பெட்டிக்கடையில் ஒரு சிவப்பழகு க்ரீம் பாக்கெட் வாங்கி வந்தாள். அந்த க்ரீம்களில் பெரிய பெயர் 'ஃபேர் அண்ட் லவ்லி'. 1975இல் வந்தது, 2020இல் 'க்ளோ அண்ட் லவ்லி' என்று பெயரை மாற்றிக்கொண்டது. பெயர் மாறி என்ன? அக்கா இன்னும் பேக்கிங்கில்தானே இருக்கிறாள்!

சரி, கேப்ரியல்லாவுக்கு வருவோம். விஜய் டிவி 'கலக்கப்போவது யாரு' மேடை, டிக்டாக், சின்னச் சின்ன வேடம் என்று படிப்படியாக ஏறி வந்தவர். 2019இல் 'ஐரா' என்ற படம் வந்தது. அதில் பவானி என்ற கறுப்பான பெண்ணின் கதை. சின்ன வயது பவானியாக நடித்தவர் கேப்ரியல்லா. வளர்ந்த பவானி யார் தெரியுமா? நயன்தாரா, கறுப்பு மேக்கப் போட்டுக்கொண்டு! நயன்தாரா நன்றாகத்தான் நடித்தார், அவர் மேல் எனக்கு வருத்தம் இல்லை. ஆனால் இந்தக் கணக்கு எனக்குப் புரியவில்லை. கறுப்பான பெண்ணின் கதை வேண்டும், ஆனால் போஸ்டருக்கு அந்தப் பெண் வேண்டாம். கறுப்பைக்கூட டப்பாவிலிருந்து எடுத்துத் தடவிக்கொள்வார்கள்!

இது இன்று நேற்று வந்த வியாதி இல்லை. சரிதா அம்மாவை எடுத்துக்கொள்ளுங்கள். 1981இல் 'தண்ணீர் தண்ணீர்', 1984இல் 'அச்சமில்லை அச்சமில்லை' என்று பாலசந்தர் படங்களில் எப்படி நடித்தவர்! அவரே பிற்பாடு நக்மா, விஜயசாந்தி போன்ற சிவப்பு நடிகைகளுக்குப் பின்குரல் கொடுத்தார். குரல் நம்ம ஊர்க் குரலாக வேண்டும், முகம் மட்டும் வேறு நிறம்! ஆண்களுக்கு இந்தத் தொல்லை கிடையாது. ரஜினி கறுப்பு, விஜயகாந்த் கறுப்பு. விஜயகாந்த் போலீஸாக வந்து தீவிரவாதியைப் பிடிப்பார். "நீ கறுப்பு, உனக்கு எதுக்கு யூனிஃபார்ம்?" என்று எந்த வில்லனும் கேட்பதில்லை.

கறுப்பாக ஆள் போட்டால் ஜனங்கள் பார்க்க மாட்டார்கள், டி.ஆர்.பி. விழுந்துவிடும் என்பார்கள். பொய்! 'சுந்தரி' 2024 வரை ஓடியது, இரண்டாம் பாகமும் வந்தது. விஜய் டிவியில் 2019இல் ஆரம்பித்த 'பாரதி கண்ணம்மா'வில் ரோஷினி ஹரிப்ரியன் பையைத் தூக்கிக்கொண்டு நடந்த நடையை இந்த ஊரில் கிண்டல் செய்யாத ஆள் உண்டா? பார்க்காமலா கிண்டல் செய்தார்கள்?

ஆனாலும் எனக்கு ஒரு குறை இருக்கிறது. சுந்தரி கறுப்பு, அதனால் அவளுக்குக் கஷ்டம். கண்ணம்மா கறுப்பு, அதனால் அவளுக்குக் கஷ்டம். கறுப்பு இல்லையென்றால் கதையே இல்லை. கேப்ரியல்லா 2023இல் நடித்த 'என்4' படமும் காசிமேட்டுக் கதை. கிராமம், குப்பம், இரண்டை விட்டால் எங்களுக்கு இடமே கிடையாதா? அடையாறில் ஃப்ளாட்டில் இருக்கும் டாக்டராக, நாலு பேரை வேலை வாங்கும் மானேஜராக, சும்மா காதலித்துவிட்டுப் போகிற ஒரு பெண்ணாக, நிறத்தைப் பற்றி ஒரு வசனம்கூட இல்லாமல் ஒரு கறுப்பான பெண் வரக்கூடாதா? நான் காலையில் பறக்கும் ரயிலில் தரமணிக்கு வருகிறேன். அந்தப் பெட்டியில் ஐ.டி. கம்பெனிக்குப் போகிற அக்காக்களில் முக்கால்வாசிப் பேர் என் நிறம்தான். அவர்களில் யாரையும் நான் டிவியில் பார்த்ததில்லை.

இதை அம்மாவிடம் சொன்னேன். "ஒண்ணுமே இல்லாததுக்கு இது வந்துச்சே, அதுக்கும் குறை சொல்லுவியா?" என்று கேட்டார். பாதி நியாயம்தான். மிச்சப் பாதிக்குத்தான் இந்தக் கட்டுரை.

நம் பாடத்தில் ஒரு விஷயம். கலர் டிவி சிக்னலில் வெளிச்சத்தின் அளவு சிவப்பு 30, பச்சை 59, நீலம் 11 சதவீதம் சேர்ந்து வருகிறது. அந்தக் கணக்குக்குச் சிவத்த தோல், கறுத்த தோல் என்ற பேதம் தெரியாது. ஆனால் கணக்கை வைத்து வேலை செய்கிறவர்களுக்குத் தெரியும். அமெரிக்காவில் கோடாக் கம்பெனி, போட்டோவின் கலர் சரியாக இருக்கிறதா என்று பார்க்க 'ஷெர்லி கார்டு' என்று ஒரு வெள்ளைக்காரப் பெண்ணின் படத்தை லேப்களுக்கு அனுப்பி வைத்தது. அவள் முகம் சரியாக வந்தால் போதும், கறுப்பர்கள் முகம் இருட்டாகப் போனால் போகட்டும்! அப்புறம் ஃபிலிமைத் திருத்தினார்கள். யார் கேட்டு? சாக்லேட் கம்பெனிக்காரர்களும் மரச்சாமான் கம்பெனிக்காரர்களும், எங்கள் பொருளின் பழுப்பு நிறம் சரியாக விழவில்லை என்று புகார் செய்தார்களாம். மனிதர்களுக்கு முன்னால் மேஜைக்கு நியாயம் கிடைத்திருக்கிறது. நாளைக்கு நம்மில் யாராவது ஸ்டுடியோவில் லைட்டிங், கேமரா என்று வேலைக்குப் போவோம். நம் காம்பவுண்டுக்குக் கொஞ்ச தூரத்தில்தானே எம்.ஜி.ஆர். திரைப்படக் கல்லூரி இருக்கிறது!

டிவியை மட்டும் திட்டிவிட்டுப் போனால் நியாயம் இல்லை. நம் ஆண்டு விழாவுக்கே வருகிறேன். வாசலில் சந்தனம், கற்கண்டு, பன்னீர்ச் சொம்போடு வரவேற்க நிற்கும் பெண்களின் போன வருஷ போட்டோ நோட்டீஸ் போர்டில் இருக்கிறது. போய்ப் பாருங்கள். நம் வகுப்புகளில் உட்கார்ந்திருக்கும் முகங்களும் அந்த வரிசையில் நிற்கும் முகங்களும் ஒன்றா? யாரும் திட்டம் போட்டுச் செய்யவில்லை, எனக்கும் தெரியும். என் அக்காவை பேக்கிங்குக்கு அனுப்பினவரும் திட்டம் போட்டிருக்க மாட்டார்.

இந்த வருஷம் வரவேற்புக் குழுவுக்குப் பெயர் கேட்டு நோட்டீஸ் ஒட்டிய அன்றே என் பெயரை எழுதிவிட்டேன். "உனக்கு ரிஜிஸ்டர்ல கையெழுத்து வாங்குற வேலை தரோமே" என்று குழுவில் ஒரு அக்கா அன்பாகத்தான் சொன்னார். வேண்டாம் அக்கா, பன்னீர்ச் சொம்புதான் வேண்டும் என்று சொல்லியிருக்கிறேன். அம்மா கட்டிக்கொள்ள மாம்பழ மஞ்சள் புடவை எடுத்து வைத்திருக்கிறார். இந்த மலர் உங்கள் கைக்கு வரும்போது விழா முடிந்திருக்கும். சொம்பு கிடைத்ததா, ரிஜிஸ்டரா என்பதைப் புது போட்டோவில் பார்த்துக்கொள்ளுங்கள்.