யாருக்கு உடம்பு சரியில்ல?

எங்கள் கணியம்பாடியில் ஒருவர் கையில் ரொட்டிப் பாக்கெட்டோடு நடந்து போனால், எதிரே வருகிறவர் கேட்கிற முதல் கேள்வி, "யாருக்கு உடம்பு சரியில்ல?" என்பதுதான்.

வேலூரிலிருந்து திருவண்ணாமலை போகிற ரோட்டில் இருக்கிற ஊர். கிழவி முனகினால் பஸ் ஏற்றி வேலூர் ஆஸ்பத்திரியில் இறக்கிவிடலாம். அந்தப் பழக்கத்தில் ரொட்டியை நாங்கள் பலகாரக் கணக்கில் சேர்ப்பதில்லை. மாத்திரைக்கு ஒன்றுவிட்ட தம்பி மாதிரி. காய்ச்சலா, பாலில் தோய்த்து இரண்டு துண்டு. யாரையாவது ஆஸ்பத்திரியில் பார்க்கப் போகிறோமா, அரை டஜன் சாத்துக்குடி, ஒரு ஹார்லிக்ஸ், ஒரு ரொட்டி. நல்ல உடம்போடு இருப்பவன் ரொட்டி தின்றால், அவன் பெண்டாட்டி கோபித்துக்கொண்டு ஊருக்குப் போய்விட்டாள் என்று அர்த்தம்.

இத்தனைக்கும் மத்திய சர்க்காரே 1965-ல் மாடர்ன் பேக்கரீஸ் என்று ஒரு கம்பெனி ஆரம்பித்து ஜனங்களுக்கு ரொட்டி சுட்டுப் போட்டது. (2000-ல் அதை ஹிந்துஸ்தான் லீவருக்கு விற்றும் விட்டது.) எந்த சர்க்கார் சுட்டால் என்ன, எங்கள் ஊரில் ரொட்டியின் அந்தஸ்து கூடவில்லை.

என் அம்மாவுக்கு மட்டும் இது வேடிக்கை விஷயமில்லை. அப்பா ஆஸ்பத்திரியில் பதினோரு நாள் படுத்திருந்தார். பார்க்க வந்த சொந்தக்காரர்களெல்லாம் தவறாமல் ரொட்டியோடு வந்தார்கள். அவருக்கோ மூக்கில் குழாய் வைத்துக் கஞ்சி. கட்டிலுக்கடியில் ரொட்டி சேர்ந்துகொண்டே போயிற்று. பன்னிரண்டாம் நாள் வேனில் அவரைக் கொண்டுவந்து திண்ணையில் இறக்கியபோது, கூடவே ஒரு மஞ்சள் பையும் இறங்கியது. உள்ளே ஒன்பது ரொட்டி. அந்த நேரத்தில் அதைப் பொறுப்பாக எடுத்து வைத்த புண்ணியவான் யார் என்று எவரும் வாய் திறக்கவில்லை. காரியமெல்லாம் முடிந்த பிறகு அம்மா அத்தனையையும் மாட்டுக்குப் போட்டாள். அதற்கப்புறம் பதினாறு வருஷம் எங்கள் வாசற்படியை ரொட்டி தாண்டவில்லை. எனக்கே காய்ச்சல் வந்தாலும் புழுங்கலரிசிக் கஞ்சிதான்.

போன வருஷம் பெங்களூரில் வேலை பார்க்கிற என் பையன், "பாட்டியக் கூட்டிட்டு வாங்கப்பா" என்று ஒற்றைக்காலில் நின்றான். மாட்டுக்குத் தண்ணி காட்ட ஆள் வேண்டும் என்று என் மனைவி ஜாமீன் வாங்கிக்கொண்டாள். நானும் அம்மாவும் காட்பாடியில் ரயில் ஏறினோம்.

சனிக்கிழமை ராத்திரி பையன் அறிவித்தான்: "பாட்டி, காலையில டிபன் கிடையாது. பதினொரு மணிக்கு பிரஞ்ச்சுக்குப் போறோம்."

"பிரஞ்சா? அது எந்த ஊருக்குப் பக்கம்?"

பிரேக்ஃபாஸ்ட்டையும் லஞ்ச்சையும் ஒன்றாகப் போட்டுப் பிசைந்த சமாச்சாரம் என்று விளக்கினான். நானும் என் பங்குக்கு, கை பெர்ரிங்கர் என்று ஓர் ஆங்கிலேயர் 1895-லேயே இதற்காகப் பத்திரிகையில் வக்காலத்து வாங்கி எழுதியதைச் சொன்னேன். சனிக்கிழமை ராத்திரி கூத்தடித்தவன் ஞாயிற்றுக்கிழமை லேட்டாக எழுந்திருக்க இது வசதி என்பது அவர் கட்சி.

அம்மா யோசித்தாள். "குடிச்சிட்டுப் படுத்தவனுக்குப் பதினொரு மணிக்குப் பலகாரமா? எங்க காலத்துல நாலு மணிக்கு எழுந்து கழனிக்குப் போயி, பத்து மணிக்குத் தூக்குல கூழு வரும். காலைக்கும் அதான், மத்தியானத்துக்கும் அதான். அதுக்கு இன்னாத்துக்குடா இங்கிலீசுல ஒரு பேரு?"

எனக்கு பதில் தெரியவில்லை. கேழ்வரகு மாவை ராத்திரி கரைத்துப் புளிக்கவைத்து, நொய் போட்டுக் கிண்டி, மறுநாள் மோர் ஊற்றிக் கரைத்துக் கொண்டுவருவார்கள். கடித்துக்கொள்ள வெங்காயம், மோர்மிளகாய். வரப்பில் உட்கார்ந்து குடித்தால் பெர்ரிங்கர் அவருடைய கட்டுரையைக் கிழித்துப் போட்டிருப்பார்.

பையன் முதலில் கூட்டிப்போனது அவன் தெருமுனையில் புதிதாக வந்திருக்கிற பேக்கரி. வாசலில் நோட்டுப் புத்தகத்தில் பெயர் எழுதிவிட்டு முப்பது பேர் நின்றுகொண்டிருந்தார்கள். ரேஷன் கடையில் பாமாயில் வந்தால்தான் நான் இப்படிப் பார்த்திருக்கிறேன். கண்ணாடிக்குப் பின்னால் கருகினாற்போல் ஓர் உருண்டை ரொட்டி, விலை முந்நூற்றைம்பது.

"சவர்டோ பாட்டி. ஈஸ்ட் போடாம, மாவைத் தானாப் புளிக்க வெச்சு..."

"புளிச்ச மாவுன்னு சொல்லு. இட்லிக்குப் புளிக்க வச்சா நம்மள எவனாச்சும் முந்நூறு ரூபா குடுப்பானா?"

எழுபத்தெட்டு வயதுக் காலை ஒரு மணி நேரம் நிறுத்தி வைக்க முடியாது. ஆட்டோ பிடித்து செயின்ட் மார்க்ஸ் ரோட்டில் கோஷீஸுக்குப் போனோம். இது 1940-ல் பேக்கரியாகப் பிறந்து, பிறகு ரெஸ்டாரென்ட்டாக வளர்ந்த இடம். பெங்களூருக்கும் பேக்கரிக்கும் உள்ள உறவு அதைவிடப் பழசு. சிக்பேட்டையில் ஹாசன் பக்கத்து ஐயங்கார்கள் பி.பி. பேக்கரியைத் திறந்தது 1898-ல். அந்தப் புண்ணியத்தில்தான் நம் பக்கத்தில் பஸ் நிற்கிற ஊரிலெல்லாம் 'பெங்களூர் ஐயங்கார் பேக்கரி' என்று ஒரு போர்டு. அசல் ஐயங்கார் பேக்கரியில் முட்டையே சேர்க்க மாட்டார்கள். நம் ஊரில் போர்டுக்கு நேர் கீழேயே முட்டை பப்ஸ்!

கோஷீஸில் ஞாயிற்றுக்கிழமை என்றால் ஆப்பமும் ஸ்டியூவும். கேரளத்துக் குடும்பத்தின் கடை, கேட்க வேண்டுமா! பக்கத்திலேயே ஏ.சி. ஹால் உண்டு, அம்மா ஜில்லென்று இருந்தால் ஆஸ்பத்திரி ஞாபகம் வரும் என்றதால் சாதா ஹாலிலேயே உட்கார்ந்தோம். சுற்றிலும் பேப்பர் விரித்த பெரியவர்கள், குழந்தை குட்டிகளோடு குடும்பங்கள், ஒரு காபியை வைத்துக்கொண்டு உலகத்தைத் திருத்துகிற கோஷ்டிகள். ஒருவரையும் யாரும் எழுப்பவில்லை. நம் ஊர் ஹோட்டலில் கடைசி வாய் உள்ளே போவதற்குள் நாற்காலிக்குப் பின்னால் அடுத்த ஆள் மூச்சு விடுவான். கை கழுவ எழுந்தால் இலை போய்விடும்.

அம்மா ஆப்பத்தைப் பிய்த்துக்கொண்டே பக்கத்து மேஜையைப் பார்த்தபடி இருந்தாள். வெள்ளைச் சட்டை போட்ட ஒரு பெரியவர். தனியாக. முன்னால் நாலு துண்டு டோஸ்ட், காபி. ஒரு வாய் கடிப்பதும் ஜன்னலைப் பார்ப்பதுமாக இருந்தார்.

"பாவம்டா. உடம்பு முடியலபோல. ரொட்டி துன்றாரு. கூட ஒருத்தரும் இல்ல."

"பாட்டி, இங்க அதான் டிபன்" என்று பையன் சொல்வதற்குள் அம்மா எழுந்து போய்விட்டாள். பையன் முகம் வெளுத்துவிட்டது. இந்த ஊரில் முன்பின் தெரியாதவரிடம் பேசுவது கிட்டத்தட்டக் குற்றம் என்பது அவன் அபிப்பிராயம்.

"ஐயா, உடம்புக்கு இன்னா?"

பெரியவர் நிமிர்ந்து பார்த்தார். "ஒடம்புக்கு ஒண்ணுமில்லமா. குந்துங்க."

அந்த 'குந்துங்க'வில் அம்மா விழுந்துவிட்டாள். பெங்களூர் தண்டுப் பக்கத்துத் தமிழர்களில் பல குடும்பங்கள் எங்கள் வட ஆற்காட்டிலிருந்து பிழைக்கப் போனவை. பாஷை மட்டும் ஊர் திரும்பாமல் அங்கேயே தங்கிவிட்டது.

மேஜைக்கு மேஜை மூன்றடிதான் தூரம். ஒட்டுக்கேட்பது தப்புதான், காதைக் கழற்றி வைக்கவா முடியும்?

நாற்பது வருஷமாக ஞாயிற்றுக்கிழமை புருஷன் பெண்டாட்டி இரண்டு பேருமாக வருவார்களாம். அந்த அம்மாள் போய் ஐந்து வருஷம். "வூட்ல துன்னா எதிர் நாற்காலி காலியாத் தெரியுதும்மா. இங்க அந்த ரோதனை இல்ல. யாராச்சும் வந்து, 'சார், இத எடுத்துக்கலாமா'ன்னு நாற்காலிய இழுத்துக்கினு பூடுவாங்க."

அம்மா அந்த நாற்காலியில்தான் உட்கார்ந்திருந்தாள். கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு ஆஸ்பத்திரி, பதினோரு நாள், ஒன்பது ரொட்டி எல்லாம் வந்தது. எனக்குத் தெரிந்த கதைதான் என்று காபியை எடுத்தேன்.

"நான்தான் பையில எடுத்து வச்சேன். வேன் வந்து நிக்குது, எல்லாரும் அழறாங்க. நான் கட்டிலுக்கடியில குனிஞ்சி ஒவ்வொண்ணா எடுத்து வைக்கிறேன். வூட்டுக்குப் போயி எழுந்து குந்தினா, பசிக்குதுன்னு கேப்பாருன்னு... புத்தி கெட்டுப் போச்சு. பசங்க கேட்டானுங்க. நான் சொல்லல."

பெரியவர் ஒரு டோஸ்ட்டில் ஜாம் தடவி, தட்டை அம்மா பக்கம் தள்ளினார். "துன்னுங்க. ஆறிடும்."

அம்மா தின்றாள். முழுசாக. பையன் என்னைப் பார்த்தான். நான் ஸ்டியூவில் உருளைக்கிழங்கு தேடினேன்.

கிளம்பும்போது அம்மா அவரிடம், "ஜாம் ஜாஸ்தி தித்திப்பு, கொறச்சித் தடவுங்க" என்று வைத்தியமும் சொல்லிவிட்டு வந்தாள்.

இரண்டு நாள் கழித்து காட்பாடியில் இறங்கி, வேலூரில் திருவண்ணாமலை பஸ் பிடித்து, இருட்டுகிற நேரத்துக்கு ஊர் வந்து சேர்ந்தோம். கணியம்பாடி ஸ்டாப்பில் இறங்கியதும் அம்மா பேக்கரிக்கு எதிரே நின்றுவிட்டாள்.

"ஒரு ரொட்டி வாங்குடா."

வாங்கினேன். கடைக்காரர் பாக்கெட்டை என் கையில் கொடுத்துவிட்டு, பின்னால் நின்ற அம்மாவைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். குரலைத் தாழ்த்தினார்.

"ஏன் சார்... பெரியம்மாவுக்கு உடம்பு சரியில்லையா?"